வரலாற்றுப் பெண்ணும் நடிக்கும் பெண்ணும்: மன்னார்க் கூத்து மேடை முதல் தொலைக்காட்சி வரை

வரலாற்று மாந்தரைப் பற்றிய தொலைக்காட்சித் தொடர்களில் நடித்துப் பெயர் பெறும் நடிகை இன்று நம் இல்லங்களில் அறிமுகமான ஒருத்தியாகிவிட்டாள். அரசியாகவும் அடியவளாகவும் வீராங்கனையாகவும் அவள் நாள்தோறும் திரையில் தோன்றுகின்றாள். மன்னார்த் தீவிலும் அதனை அடுத்த மாதோட்டக் கரையிலும் வாழும் மக்களும் அவளைக் காண்கின்றனர். ஆனால் அரசர்களையும் அரசியரையும் புனிதர்களையும் மேடையிற் காண்பது அம்மக்களுக்குப் புதியதன்று. தொலைக்காட்சி வருவதற்குப் பல தலைமுறைகளுக்கு முன்பே அவர்கள் விடிய விடிய விழித்திருந்து எம்பரதோரையும் ஏரோதையும் கண்டவர்கள். அம்மேடையில் தோன்றிய அரசி மட்டும் பெண்ணல்லள். அரசி வேடம் புனைந்த ஆண்.

வரலாற்றிலே வாழ்ந்த பெண்ணை நடித்துக் காட்டும் உரிமை யாருக்குக் கிடைத்தது, எந்நிலையிற் கிடைத்தது, கிடைத்தபோது அப்பெண்ணின் வரலாறு என்னவாயிற்று என்னும் வினாக்களை மன்னார்க் கரையில் நின்று நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மன்னாரின் நாடக மரபு

மன்னாரின் கூத்து மரபு கத்தோலிக்க சமயத்தோடு பின்னிப் பிணைந்தது. 1540களில் முத்துக்குளித்துறையிலே பணியாற்றிய பிரான்சிஸ் சவேரியாரிடம் மன்னார் மக்கள் திருமுழுக்கு வேண்டினர்; அவர் குரு ஒருவரை அனுப்பினார். 1544 இல் யாழ்ப்பாணத்தரசன் சங்கிலி அவ்வாறு மதம் மாறியோரில் ஏறத்தாழ 600 பேரைக் கொல்வித்தான். 1560 இல் போர்த்துக்கேயர் மன்னாரைக் கைப்பற்றினர். 1658 இல் அது ஒல்லாந்தர் வசமாயிற்று. கத்தோலிக்கம் ஒடுக்கப்பட்ட ஒல்லாந்தர் காலத்திலே, 1705 இல், தலைமன்னாரில் வந்திறங்கிய யாக்கோமே கொன்சால்வெஸ் அடிகள் இயற்றிய வியாகுலப் பிரசங்கம் பின்னர் தவக்காலந்தோறும் ஓதப்படும் நூலாயிற்று. சமயம், ஒடுக்குமுறை, நினைவு ஆகிய மூன்றும் சேர்ந்த இச்சூழலிலேதான் மன்னாரின் நாடகங்கள் வளர்ந்தன.

இவ்வட்டாரக் கூத்துகளை யாழ்ப்பாணப் பாங்கு, மாதோட்டப் பாங்கு என இரு பிரிவாகக் கூறுவர். பாட்டாலேயே நடக்கும் பெரிய ஆக்கத்தை நாடகம் என்றும், பாட்டோடு வசனமும் கலந்து சுருங்கி வருவதனை வாசகப்பா என்றும் வழங்குவர். ஏடுகளில் கிடந்த இவற்றை அச்சேற்றும் பணியிற் பேராசிரியர் சு. வித்தியானந்தன் ஈடுபட்டார். அவர் பதிப்பித்த எண்டிறீக்கு எம்பரதோர் நாடகம் 1964 இலும், மூவிராசாக்கள் நாடகம் 1966 இலும், ஞானசவுந்தரி நாடகம் 1967 இலும் வெளிவந்தன. எண்டிறீக்கு, எம்பரதோர் என்னும் சொற்களே போர்த்துக்கேயத் தொடர்பைக் காட்டி நிற்கின்றன. முன்னது ஓர் ஐரோப்பிய அரசன் பெயரின் போர்த்துக்கேய வடிவம். பின்னது பேரரசன் எனப் பொருள்படுவது. தொலைதூர ஐரோப்பியப் பேரரசன் ஒருவன் மாதோட்டத்து நெல்வயற் கிராமத்தில் விருத்தமும் தருவும் பாடித் தன் வரவை அறிவித்தான் என்பது சிந்தனைக்குரியது.

வரலாற்று நாடகம் ஒருபோதும் நடுநிலையானதன்று என்பதனையும் மன்னாரே நமக்கு உணர்த்துகின்றது. பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை 1950களில் எழுதிய சங்கிலி என்னும் நாடகத்திலே சங்கிலி அந்நியரை எதிர்த்த தமிழ் மன்னன். மன்னார்க் கத்தோலிக்கரின் நினைவிலோ அவன் வேதசாட்சிகளைக் கொன்றவன். அரசன் ஒருவனே, அவனை எடுத்துரைப்போர் நிற்கும் இடமே வேறு. அரசனுக்குப் பொருந்தும் இவ்விதி அரசிக்கும் பொருந்தும். எனவே பெண்ணை எடுத்துரைப்போர் யாவர் என்ற வினா முக்கியமாகின்றது.

பெண்ணின் கலையும் பெண் ஏறாத மேடையும்

மன்னார்க் கூத்திலே பெண் பாத்திரங்களை ஆண்கள் ஏற்றமைக்குக் கலைக் காரணங்கள் சிலவற்றைக் கூறுவதுண்டு. உரத்த குரல் வேண்டும், இரவு முழுவதும் ஆடும் உடல்வலிமை வேண்டும், பாரமான உடுப்பைத் தாங்கவேண்டும் என்பர். நாள் முழுவதும் வயலில் நாற்று நட்ட பெண்ணுக்கும், கரைவலை மீனைக் காயவைத்துச் சுமந்த பெண்ணுக்கும் உடல்வலிமை இல்லையென்று கூறுவது பொருந்தாது. உண்மையான காரணங்களைச் சமூக அமைப்பிலேயே தேடவேண்டும்.

கூத்துப் பழகுதல் ஓரிரு நாள் வேலையன்று. அண்ணாவியாரின் கீழ் மாதக்கணக்கில், பகல் வேலை முடிந்த பின்னர் இரவிற் கூடிப் பாட்டும் ஆட்டமும் பயில வேண்டும். மாதோட்டத்திலே கட்டுக்கரைக்குளத்து நீரால் விளைந்த நெல் வீட்டுக்கு வந்தபின்னரே அதற்கு ஓய்வு கிடைக்கும். ஆணுக்கு ஓய்வாக அமைந்த அவ்விரவு பெண்ணுக்கு அடுப்படியும் பிள்ளைகளுமாகக் கழிந்தது. மேலும் கூத்தின் வாய்ப்பாடமும் மத்தள அறிவும் தந்தையிடமிருந்து மகனுக்கும், அண்ணாவியாரிடமிருந்து மாணாக்கனுக்கும் சென்றன. ஊரார் முன்னிலையிற் பெண் ஆடுவதனைக் குடும்ப மானத்தோடும் திருமணத்தோடும் தொடர்புபடுத்திய ஒழுக்கக் கட்டுப்பாடும், கோயிற் சபையின் மேற்பார்வையும் இதற்குத் துணை நின்றன. ஆகவே மேடையிற் பெண் இல்லாமை கலைவிதியன்று. வேலைப் பிரிவினையின் விளைவாகும்.

இங்கே கருதத்தக்க ஒரு முரண்பாடுண்டு. கூத்தின் அரசி தன் உச்சத்தை எங்கே அடைகின்றாள்? புலம்பலிலே அடைகின்றாள். மூவிராசாக்கள் கதையில் ஏரோது குழந்தைகளைக் கொல்விக்கின்றான், தாய்மார் அழுகின்றனர். ஞானசவுந்தரி கைகளை இழந்து காட்டில் விடப்படுகின்றாள். இவ்விடங்களில் வேடம் புனைந்த ஆண் எடுத்தாளும் முறை, செத்த வீட்டிலே பெண்கள் மாரடித்துப் பாடும் ஒப்பாரியின் முறையேயாகும். இழவு வீட்டில் அதனை ஆக்கியவளும் பாடியவளும் பெண். வைத்த பொருளை முறையிட்டு அடுக்கும் வரிசை, விளியின் நீட்சி, குரல் தழுதழுக்கும் இடம் ஆகியன அவள் தந்தவை. பெண்ணின் கலை மேடையேறியது. அவள் களரியின் ஓரத்திற் பாய் விரித்திருந்து தன் பாட்டைக் கேட்டு அழுதாள்.

சமயப் புனிதம் இன்னொரு வகையிலும் நடிப்பைக் கட்டுப்படுத்தியது. பேசாலையின் உடக்குப் பாஸ் இதற்குச் சான்று. திருப்பாடுகளைக் காட்டும் அவ்வாற்றுகையில் இயேசுவையும் தேவமாதாவையும் மனிதர் நடிப்பது தகாதெனக் கருதப்பட்டது. உடக்கு எனப்படும் செய்யப்பட்ட உருவங்களே இயக்கிக் காட்டப்பட்டன. அரசியை ஆண் நடித்தான். தேவமாதாவை மரம் நடித்தது. பெண்ணுக்குக் கிடைத்த பங்கு பார்வையாளரின் பங்கே.

மன்னாரில் வளர்ந்த அரசி

நடிக்கும் பெண் மேடையில் இல்லாதபோது வரலாற்றுப் பெண்ணும் கதையிலிருந்து நழுவிவிடுகின்றாள். இதற்கு மன்னாரோடு தொடர்புடைய ஓர் எடுத்துக்காட்டுண்டு.

கண்டி மன்னன் கரலியத்தே பண்டார, சீதாவாக்கை இராசசிங்கனால் 1580களின் தொடக்கத்தில் விரட்டப்பட்டுத் திருகோணமலைப் பக்கமாக ஓடி, அங்கு அம்மை நோயால் இறந்தான். அவனுடைய குழந்தை மகள் குசுமாசனதேவி போர்த்துக்கேயர் பாதுகாப்பில் மன்னாருக்குக் கொண்டுவரப்பட்டாள். இங்கே அவள் தோனா கத்தரீனா எனத் திருமுழுக்குப் பெற்று வளர்ந்தாள். 1594 இல் போர்த்துக்கேயத் தளபதி பேதுரு லோப்பேஸ் தெ சௌசா அவளைக் கண்டி அரியணையில் அமர்த்துவதற்காகப் படையோடு அழைத்துச் சென்றான். தந்துறையிலே அப்படை அழிந்தது. வெற்றி பெற்ற கோனப்பு பண்டார, விமலதர்மசூரியன் என்னும் பெயரோடு முடிசூடி அவளை மணந்து தன் அரசுரிமையை உறுதிசெய்தான். 1604 இல் அவன் இறந்தபின் செனரத் அவளை மணந்து அரசனானான். அவள் 1613 இல் இறந்தாள்.

இருவருக்கு அரசுரிமை அளித்தவள் அவள். தன் பெயரால் ஆள அவளுக்கு வாய்க்கவில்லை. போர்த்துக்கேயருக்கு அவள் ஓர் ஆவணம்; கண்டி அரசருக்கு அவள் ஒரு முத்திரை. பிறப்பால் சிங்கள அரசமரபினளாகவும், சமயத்தாற் கத்தோலிக்கராகவும், வளர்ப்பால் தமிழ்க் கரையினளாகவும் இருந்த அச்சிறுமியின் மனம் எத்தகைய நாடகத்துக்கு இடமளிக்கக்கூடியது! மேற்கூறிய அச்சேறிய நாடகங்களின் தலைப்புகளில் ஐரோப்பியப் பேரரசன் இருக்கின்றான். கீழ்த்திசை மூவரசர் இருக்கின்றனர். துன்புறும் கற்பனைப் பெண் ஞானசவுந்தரியும் இருக்கின்றாள். மன்னாரில் வளர்ந்த உண்மையான அரசி இல்லை.

கப்பலிற் கடந்து சென்ற நடிகை

மன்னார்க் களரியிற் பெண் ஆடாத அதே காலத்தில், தமிழ் நாடக நடிகைகள் கடல் கடந்து இலங்கைக்கு வந்து நடித்தனர். 1914 இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்குமிடையே நீராவிக் கப்பற் சேவை தொடங்கி இருபுறத்துப் புகையிரதங்களையும் இணைத்தது. தொழிலாளரும் வணிகரும் கலைஞரும் இவ்வழியாற் கொழும்புக்குச் சென்றனர். புகையிரதம் தீவின் ஊர்களைக் கடந்து விரைந்தது. தொழில்முறை நாடகத்தின் மேடை கொழும்பிலிருந்தது.

கொழும்பு மேடையில் இளமையிலேயே பாடி நடித்துப் புகழ் பெற்றோருள் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் (1908–1980) ஒருவர். எஸ். ஜி. கிட்டப்பாவை அவர் சந்தித்ததும் 1920களில் இலங்கையிலேதான். 1933 இல் கிட்டப்பா தம் 28ஆம் வயதில் மறைந்தபின் சுந்தராம்பாள் வெள்ளைச் சேலை உடுத்தார். ஆண் நடிகர்களோடு இணையாக நடிப்பதில்லை என்று உறுதிகொண்டார். கைம்பெண்ணுக்குச் சமூகம் விதித்த ஒதுக்கத்தை அவரும் ஏற்றுக்கொண்டார் எனலாம். ஆயின் அவர் கலைவாழ்வு முடிந்துவிடவில்லை. 1935 இல் நந்தனார் படத்தில் நந்தனாராகவே அவர் நடித்தார். அதற்கு ஒரு இலட்சம் ரூபா ஊதியமாகப் பெற்றமை அக்காலத்திற் பெரும் வியப்பாகப் பேசப்பட்டது. மன்னாரில் ஆண் அரசியானான். அங்கே பெண் அடியவனானாள். பின்னர் 1953 இல் ஔவையாராகவும், 1964 இற் பூம்புகாரிற் கவுந்தியடிகளாகவும், 1973 இற் காரைக்கால் அம்மையாராகவும் தோன்றினார். 1958 இற் சென்னை சட்ட மேலவை உறுப்பினருமானார்.

இவரது வாழ்விலிருந்து நாம் பெறும் செய்தி யாது? காதலியாகவும் மனைவியாகவும் நடிக்க வழியில்லாத பெண்ணுக்கு, வரலாற்று மாந்தரும் இலக்கிய மாந்தரும் வேறொரு வாழ்வைத் திறந்து கொடுத்தனர். ஔவைக்குக் கணவன் தேவையில்லை. அரசனை நோக்கி அறிவுரை கூற அவளால் முடியும். எனினும் இவ்விடுதலைக்கு விலையுண்டு. முதுமையும் துறவும் பூண்ட பின்னரே பெண் தன் குரலிற் பேசலாம் என்ற நிபந்தனையோடு அது வந்தது.

இலங்கையில் இன்னொரு கதவு பல்கலைக்கழக மேடையில் திறந்தது. தமிழ்க் கத்தோலிக்கக் கூத்து மேற்குக் கரை வழியாகச் சிங்கள மக்களிடையே பரவி நாடகம என வழங்கியது. அவ்வடிவத்தை ஆராய்ந்து பேராசிரியர் எதிரிவீர சரச்சந்திர 1956 இல் மனமே என்னும் நாடகத்தை உருவாக்கினார். பின்னாளில் திரிலிசியா குணவர்தன எனப் புகழ்பெற்ற மாணவி அதில் இளவரசியாக நடித்தார். கதை சாதகக் கதையாயினும் இங்கு நிகழ்ந்த மாற்றம் நம் பொருளுக்கு இன்றியமையாதது. பழைய கதை இளவரசியைத் துரோகியெனத் தீர்த்து முடிக்கின்றது. சரச்சந்திரவோ வேடன்பால் அவளுக்கு எழுந்த இரக்கத்தையும் தடுமாற்றத்தையும் காட்டித் தீர்ப்பை அவையோரிடம் விட்டார். பாத்திரத்தைப் பெண் நடித்ததும், பெண் மீதான தீர்ப்பு நெகிழ்ந்ததும் ஒரே மேடையில் நிகழ்ந்தன. 1960களில் வித்தியானந்தன் தமிழ்க் கூத்துகளைச் சுருக்கிச் செம்மைப்படுத்திப் பேராதனையில் மேடையேற்றியமைக்கும் இச்சூழல் ஓர் உந்துதலாயிற்று.

தொலைக்காட்சியின் அரசி

இலங்கையில் 1979 இற் சுயாதீனத் தொலைக்காட்சியும் 1982 இல் ரூபவாஹினியும் ஒளிபரப்பைத் தொடங்கின. கடல் மிகக் குறுகிய வட கரையில், இந்தியத் தொலைக்காட்சியின் அலைகளும் 1980களிலேயே வந்தடைந்தன. போர்க்கால இருளின் பின்னர், 2009 க்குப் பிறகு, செய்மதித் தட்டுகள் வழியாக இந்தியத் தொடர்கள் பெருகின. அவற்றுள் வரலாற்று அரசியரைப் பற்றியனவும் அடங்கும்.

இத்தொடர்களில் நடிகையின் வாழ்வு எவ்வாறு அமைகின்றது என்பதனை இரண்டு எடுத்துக்காட்டுகளாற் காணலாம். 2009 இற் தொடங்கிய ஜான்சி ராணி என்னும் இந்தித் தொடரிற் சிறுமிப் பருவத்து இலட்சுமிபாயாக நடித்த உல்கா குப்தா பெரும் வரவேற்பைப் பெற்றார். கதை ஆண்டுகளைத் தாண்டியபோது அவர் விலக, கிருத்திகா செங்கர் அப்பாத்திரத்தை ஏற்றார். கூத்திலும் ஒரே பாத்திரத்தை இருவர் மூவர் பகிர்ந்து ஆடுவதுண்டு. அது நீண்ட இரவின் களைப்பைப் பகிர்வதாகும். தொடரிலோ நடிகையின் வயதே அவள் பணிக்காலத்தை வரையறுக்கின்றது.

2013 முதல் 2015 வரை ஐந்நூறுக்கு மேற்பட்ட பகுதிகளாக வந்த ஜோதா அக்பர் தொடரிற் பரிதி சர்மா முதன்மைப் பாத்திரமேற்றார். அக்பரின் இராசபுத்திர மனைவி ஆம்பேர் அரசகுலத்தவள். மர்யம்-உஸ்-சமானி என்னும் பட்டம் பெற்றவள். அக்பர்நாமாவில் ஜோதா என்னும் பெயர் இல்லை. அவள் கப்பல் உடைமையாளராக விளங்கியவள் என்பது வரலாறு. செங்கடல் வாணிகத்தில் ஈடுபட்ட ரகீமி என்னும் அவளது பெருங்கப்பலை 1613 இற் போர்த்துக்கேயர் கைப்பற்றினர். மன்னாரில் வளர்ந்த தோனா கத்தரீனா இறந்த அதே ஆண்டு அது! கடலும் கப்பலும் அறிந்த மன்னார் மக்களுக்கு இவ்வரசி எத்துணை அணுக்கமானவளாக இருந்திருப்பாள்! ஆனால் தொடர் நமக்கு மையமாகக் காட்டியது திருமண உறவையும் அந்தப்புரப் பூசலையும், மாமியார் மருமகள் கதையின் அரச உடுப்பையுமே. வாணிகம் செய்த அரசி குடும்பத் தொடரின் மருமகளாகச் சுருங்கினாள்.

இதற்கு நடிகையைக் குறைகூறுவது நியாயமன்று. நாள்தோறும் ஒரு பகுதி, ஆண்டுக்கணக்கில் ஒளிபரப்பு, இடையிடையே விளம்பரம் என்னும் உற்பத்தி முறை, முடிவடையாத பூசலையே வேண்டி நிற்கின்றது. அப்பூசலை வீட்டுக்குள்ளே மலிவாக அமைக்கலாம்; கடல் வாணிகத்தைக் காட்டுவதற்குக் கப்பல் வேண்டும். மொழிமாற்றிய தொடர்களில் இன்னொரு பிரிவினையும் உண்டு. முகம் ஒருத்தியுடையது; நாம் கேட்கும் தமிழ்க் குரல் வேறொருத்தியுடையது. குரல் கொடுத்தவளின் பெயரைப் பார்வையாளர் அறியார். களரியோரத்திலிருந்து தன் ஒப்பாரியை ஆண் குரலிற் கேட்ட மன்னார்ப் பெண்ணின் நிலைக்கும் இதற்கும் உறவுண்டு. இரு இடத்திலும் பெண்ணின் குரல் பயன்பட்டது, பெயர் மறைந்தது.

மூன்று நிலைகள்

இதுவரை கூறியவற்றைத் தொகுத்து நோக்கின் மூன்று நிலைகள் தெளிவாகும். கூத்திலே பெண்ணின் கலை இருந்தது, பெண் இல்லை. சுந்தராம்பாளின் திரையிலே பெண் இருந்தாள். துறவின் வேலிக்குள் இருந்தாள். தொலைக்காட்சியிலே பெண்ணின் முகம் நடுவே வந்தது. அவள் நடிக்கும் வரலாறு சுருங்கியது. எனவே நடிகை மேடையேறியதாலேயே வரலாற்றுப் பெண்ணும் மேடையேறிவிட்டாள் என்று நாம் மகிழ்ந்துவிட முடியாது. பாத்திரத்தை யார் நடிப்பது என்பதோடு, பனுவலை யார் எழுதுவது, கூலியை யார் தீர்மானிப்பது என்பனவும் சேர்ந்தே கேட்கப்படவேண்டிய வினாக்களாகும்.

மன்னாரைப் பொறுத்தவரை இது ஏட்டு ஆராய்ச்சிக்கு மட்டும் உரிய பொருளன்று. நீண்ட போர் இக்கரையின் ஊர்களைக் கலைத்தது. 1990 இல் முஸ்லிம் மக்கள் வெளியேற்றப்பட்டனர். 2008 இல் மடு மாதா சிலையே போருக்கஞ்சித் தேவன்பிட்டிக்கு எடுத்துச் செல்லப்பட்டுச் சில மாதங்களின் பின் மீண்டது. மக்கள் இடம்பெயரும்போது ஏடும் உடுப்பும் மத்தளமும் பின்னே தங்கிவிடுகின்றன. அண்ணாவியாரிடம் ஆண்பிள்ளை மட்டுமே பழகலாம் என்ற பழைய வழக்கத்தையும் கடைப்பிடிப்பின், குறைந்துவரும் மாணாக்கரில் பாதியை நாமே வாசலில் நிறுத்தியவராவோம்.

ஆகவே மூன்று பணிகளை முன்வைக்கின்றோம். முதலாவது, கூத்துப் பாடல்களைப் பதிவு செய்வோர் அண்ணாவியாரோடு நின்றுவிடாது, பாய் விரித்திருந்து கேட்டுக் கேட்டு மனனம் செய்த மூதாட்டியரிடமும் செல்லவேண்டும். அவர்களின் ஒப்பாரியையும் அவர்கள் பெயரோடு பதிய வேண்டும். இரண்டாவது, பள்ளிகளிலும் ஊர்மன்றங்களிலும் பெண்பிள்ளைகள் ஆட்டமும் மத்தளமும் முறையாகப் பயில இடம் வேண்டும். அண்ணாவி என்னும் பொறுப்பும் அவர்களுக்கு உரித்தாக வேண்டும். மூன்றாவது, இக்கரையின் பெண்களைப் பற்றிய புதிய பனுவல்கள் எழுதப்பட வேண்டும். தோனா கத்தரீனாவின் கதை மாதோட்டப் பாங்கிற் பாடப்படத் தடையில்லை. சிங்களம், தமிழ், போர்த்துக்கேயம் மூன்றும் கேட்டு வளர்ந்த ஒரு சிறுமியின் கதையை இன்று இந்நாட்டிற் கேட்கவேண்டியவர் பலர்.

அந்நாடகம் களரியேறும் இரவில் அவளது வரவு விருத்தத்தை மன்னார்ப் பெண்ணொருத்தி பாடவேண்டும். அவள் பெயரும் மறுநாள் ஊராரின் வாயில் வழங்க வேண்டும்.